இந்தூர் பந்து

முப்பத்தோரு ஓவர் முடிந்துவிட்டது. பந்தும் என் கைக்கு வரவில்லை, சுகந்தியும் வரவில்லை. இரண்டில் எது வராவிட்டால் அதிகம் வலிக்கும் என்று யாராவது கேட்டால் பந்து என்றுதான் வாயில் வரும், இருபது வருஷப் பழக்கம், ஆனால் கண் என்னவோ மத்தியானத்திலிருந்து கேட் பக்கமே போய்ப் போய் வருகிறது. "இளா அண்ணா, நீங்க தேர்டு மேன்ல நில்லுங்க" என்று அபினவ் சொன்னபோது மணி ஒன்றேகால். இருபத்தாறு வயசுக் கேப்டன், நல்லவன், என்னோடு பேசும்போது மட்டும் என் ஷூவைப் பார்த்துப் பேசுவான். தேர்டு மேன் என்பது மட்டையாளனுக்குப் பின்னால் எல்லைக் கோட்டோரம் ஒரு மூலை. அடுத்த ஓவரை இந்தப் பக்கத்திலிருந்து போடும்போது அதே மூலைக்கு லாங் ஆன் என்று பெயர் மாறிவிடும். பெயர்தான் மாறும், நிற்கிறவன் நாலு தப்படி நகர்ந்தால் போதும், மைதானத்தைக் கடந்து ஓட வேண்டாம். ஓட முடியாத ஆளை ஒளித்துவைக்க எல்லாக் கேப்டன்களும் தாமாகவே கண்டுபிடிக்கும் இடம் இது. நான் கேப்டனாக இருந்த இரண்டு சீசனிலும் ஜெரால்டை இங்கேதான் நிறுத்தினேன், அவன் மனசில் என்ன ஓடியிருக்கும் என்று ஒரு நாள்கூட யோசித்ததில்லை, இப்போது நின்று பார்த்தால் தெரிகிறது, என்னென்னவோ ஓடும். இதுதான் என் கடைசி மேட்ச். டீம் செகரட்டரி சார் போன வாரமே தோளில் கைபோட்டுச் சொல்லிவிட்டார், தோளில் கைபோட்டபோதே புரிந்துவிட்டது, அதற்குமுன் அவர் என்னைத் தொட்டதே இல்லை. அம்பத்தூர்க் கம்பெனியில் விளையாட்டுக் கோட்டாவில் சேர்ந்து, பத்தொன்பது வருஷமாகக் காலையில் கையெழுத்துப் போட்டுவிட்டு மைதானத்துக்குக் கிளம்பிய ஆள் நான். நாளை திங்கள்கிழமை, எட்டரை மணிக்கு ஸ்டோர்ஸ் டிபார்ட்மென்டில் இருக்க வேண்டும்.

காலையில் சுகந்தி டிபன் பாக்ஸை மூடிக்கொண்டிருந்தாள். "இன்னிக்கு கிரவுண்டுக்கு வர்றியா?" என்றேன். மூடியைத் திருகின கை பாதியில் நின்றுவிட்டது. "எதுக்கு?" என்றாள். கோபமில்லை, குத்தலும் இல்லை, நிஜமாகவே தெரியாமல் கேட்டாள், அதுதான் தாங்கவில்லை. "கடைசி மேட்ச்" என்றேன். "ஓவியாவுக்கு டியூஷன் இருக்கே. பாக்கலாம்" என்று மூடியை முழுக்கத் திருகிக் கையில் கொடுத்தாள். பதினாலு வருஷம் கழித்துக் கூப்பிடுகிறவனுக்குப் பாக்கலாம் என்பதே பெரிய பதில்தான். அந்த முதல் நாள், எங்களுக்குக் கல்யாணமாகி இருபது நாள், ரயில் லைன் ஓரத்து மைதானம், மாம்பழ மஞ்சளில் ஒரு புடவை கட்டிக்கொண்டு வந்தாள், ஒரு பெரிய தூக்கு நிறைய எலுமிச்சை சாதம். "இவ்வளவு எதுக்கு?" என்றேன். "பதினொரு பேரு, அப்புறம் அம்பயர் ரெண்டு பேரு" என்றாள். "அம்பயருக்குமா?" "அவங்களும் வெயில்லதானே நிக்கறாங்க?" இதைக் கேட்டு எனக்கு அவளை அப்படியே தூக்கிக்கொள்ள வேண்டும்போல இருந்தது, அது இன்றைக்கும் அப்படியே இருக்கிறது, ஆனால் அன்று சாயங்காலம் நான் செய்தது வேறு. ஒன்பது ஓவர் போட்டேன், எழுபத்தோரு ரன், விக்கெட் இல்லை. போட்ட பந்தெல்லாம் தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் போய் விழுந்தது. டிரெஸ்ஸிங் ரூமில் ஜெரால்டு அவள் செய்த சாதத்தை வாயில் வைத்துக்கொண்டே, "அண்ணி வந்த ராசிடா மச்சான், பந்து கிரவுண்டுலயே தங்க மாட்டேங்குது" என்றான். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அவள் வாசலில் தண்ணீர்க் குடத்துக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள், கேட்டிருக்கும், கேட்காமல் எப்படி இருக்கும், ஜெரால்டுக்கு மெதுவாகப் பேச வராது.

சென்டிமென்ட் என்போம். படித்தவர்கள்தான் நாங்கள், இருந்தாலும் ஒரு ஜோடி நின்று ஆட ஆரம்பித்தால் டிரெஸ்ஸிங் ரூமில் உட்கார்ந்த இடத்தைவிட்டு ஒருவரும் அசையக் கூடாது. ஒருத்தன் இரண்டு மணி நேரம் ஒன்றுக்குக்கூடப் போகாமல் காலைப் பின்னிக்கொண்டு உட்கார்ந்திருந்தான், அவன் எழுந்து போன நிமிஷம் விக்கெட் விழுந்தது, அன்றிலிருந்து அவனுக்குத் தண்ணீர் கொடுப்பதையே நிறுத்திவிட்டார்கள். நான் வலது கால் சாக்ஸைத்தான் முதலில் போடுவேன். ஐந்து விக்கெட் எடுத்த பனியனை அந்த சீசன் முழுக்கத் துவைக்கவிட மாட்டேன். அவற்றோடு அவளையும் சேர்த்துவிட்டேன், சாக்ஸோடும் பனியனோடும். அன்று வீட்டுக்குத் திரும்பும்போது லெவல் கிராஸிங்கில் கேட் போட்டிருந்தார்கள், பைக்கை நிறுத்தி, ரயிலைப் பார்த்துக்கொண்டே, திரும்பாமல் சொன்னேன். "இனிமே கிரவுண்டுக்கு வராத சுகந்தி. சென்டிமென்டா இருக்கு." கூட்ஸ் வண்டி, நீளமானது, எத்தனை பெட்டி என்று எண்ண ஆரம்பித்து விட்டுவிட்டேன். கடைசிப் பெட்டியும் போன பிறகு, "சரி" என்றாள். அவ்வளவுதான். அந்தச் சரியில் நான் எத்தனை தடவை போய் இடித்துக்கொண்டிருக்கிறேன். மற்ற எதற்கும் அவள் லேசில் சரி சொல்கிறவள் இல்லை, சிலிண்டர்க்காரனோடு, ஸ்கூல் வேன்காரனோடு, என் அம்மாவோடு, என்னோடு, எல்லாரோடும் நியாயம் பேசுவாள். இதற்கும் அன்றே ரோட்டில் நின்று சண்டை போட்டிருந்தால் அன்றே முடிந்திருக்கும், நானும் அசடு வழிந்து மன்னிப்புக் கேட்டிருப்பேன். அதைவிட மோசம் அடுத்த ஞாயிறு. அவள் வரவில்லை, நான் ஐந்து விக்கெட். பந்தைக் கொண்டுவந்து கையில் கொடுத்தேன். "பாத்தீங்களா?" என்றாள், முகமெல்லாம் சந்தோஷம், தான் வராமல் இருந்து எனக்கு ஏதோ செய்துகொடுத்துவிட்டாள் என்கிற சந்தோஷம். அந்தப் பந்தை ஷோகேஸில் வைத்து இன்றுவரை துடைக்கிறாள்.

"அண்ணா, பந்து!" முஸ்தாக்கின் குரல். எங்கள் கீப்பர். பந்து என்னைத் தாண்டிப் போகப் பார்க்கிறது, எப்படியோ காலை நீட்டி நிறுத்தி எறிகிறேன், தோள் ஒரு முறை கடக்கென்கிறது. ஒரு ரன். முப்பத்தாறாவது ஓவரில் அவர்கள் நூற்று ஐம்பத்திரண்டு, ஐந்து விக்கெட் போயிருக்கிறது, இருநூற்றுப் பதினாலு எடுத்தால் ஜெயித்தார்கள். பந்தைத் தொட்டதில் விரல் விழித்துக்கொண்டது, அதாவது மற்ற நாலு விரலும் விழித்துக்கொண்டன, மோதிர விரல் மட்டும் தூங்குகிறது. லெக் ஸ்பின் போடுகிறவனுக்கு எல்லாம் அந்த விரல்தான். மணிக்கட்டு மடிந்து நிமிரும்போது பந்தைக் கடைசியாகத் தொடுவது அது, தையலைப் பிடித்து ஒரு சுண்டு சுண்டி அனுப்புவது அது. என்னுடையதில் பக்கவாட்டில் ஒரு காய்ப்பு, புளியங்கொட்டை அளவுக்கு, இரண்டாம் கணு வீங்கியே இருக்கும், ஒரு வருஷமாக நுனியில் உணர்ச்சி குறைந்துகொண்டே வருகிறது. ஒவ்வொரு மேட்சுக்குப் பிறகும் சுகந்தி வெந்நீரில் உப்புப் போட்டு எடுத்துவருவாள், அந்த ஒரு விரலைமட்டும் பிடித்துக் கிண்ணத்துக்குள் வைத்துக்கொண்டு டி.வி. பார்ப்பாள், நீர் ஆறியது தெரிந்ததும் விரலைத் துடைத்து விளக்கெண்ணெய் தடவுவாள். "இந்த விரலுக்கு மட்டும் தனியா சோறு போடணும்போல" என்பாள். பதினாலு வருஷம் அவள் பார்த்தது பந்து போட்ட விரலைத்தான். பந்தை அவள் பார்த்ததே இல்லை, அந்த ஒரு நாள் தவிர, அன்று பார்க்கும்படி ஒரு பந்தையும் நான் போடவில்லை.

அதனால் வீட்டில் போட்டுக் காட்டுவேன். எலுமிச்சம்பழம், தக்காளி, சாத்துக்குடி, உருண்டையாக எது இருந்தாலும். "இங்க பாரு, இவன் காலைப் பாத்துப் போற மாதிரிதான் போகும், காத்துலயே கொஞ்சம் உள்ள சாயும், அவனும் சரி கால் பக்கம் வருதுன்னு நம்பி வெளிய வருவான், தரையில பட்டதும் மனசு மாறின மாதிரி அந்தப் பக்கம் திரும்பிடும்." "தக்காளியைக் கீழ வைங்க, நசுங்குது." "நேர்பின்னால இருந்து பாத்தாதான் அது தெரியும் சுகந்தி. பக்கத்துல இருந்து பாத்தா ஒண்ணும் தெரியாது." "சரி சரி, வைங்க." அப்புறம் இந்தூர்க் கதை. அதை நூறு தடவை கேட்டிருப்பாள். மாநில அணிக்கு நான் ஆடியது நாலே மேட்ச், அதில் மூன்றாவது, ஜனவரிக் குளிர், கேலரியில் பத்துப் பேர்கூட இல்லை, டி.வி. கேமரா கிடையாது. லஞ்சுக்கு முந்தின ஓவர், ஒரு பந்து போட்டேன். காலுக்கு வெளியே போய்க் குத்தி, இறங்கிவந்து ஆடினவனுடைய மட்டை, கால், வயிறு எல்லாவற்றையும் சுற்றிக்கொண்டு போய் ஆஃப் ஸ்டம்புக்கு வெளியே கீப்பர் கையில் நின்றது. ஸ்டம்பிங். அவன் திரும்பிப் பார்க்காமலே நடந்து போனான். சாட்சி என்று பார்த்தால் மைதானத்தில் இருந்த பதினைந்து பேர், அதிலும் பாதிப் பேர் சாப்பாடு எப்போது என்ற கவலையில் இருந்தார்கள். இருபது வருஷத்தில் அப்படி இன்னொரு பந்து எனக்கு வரவில்லை. பக்கத்தில் பக்கத்தில் வந்திருக்கிறது, அது வரவில்லை. "இந்தூர்ல ஒரு பந்து போட்டேன்" என்று நான் ஆரம்பித்தாலே ஓவியா காதில் ஹெட்போனை மாட்டிக்கொள்வாள், சுகந்தி மட்டும் வெங்காயம் நறுக்கிக்கொண்டே "ம்" கொட்டுவாள். கேட்கிறாளா, பாவம் பார்த்து "ம்" கொட்டுகிறாளா என்று எனக்குத் தெரிந்ததில்லை.

நாலு மேட்சோடு ஏன் நின்றது என்றால் அது என் முட்டாள்தனம், வேறு யாரையும் சொல்ல முடியாது. தேர்வுக் குழுவில் ஒருவர் போகிற போக்கில், "தம்பி, கூக்ளி மட்டும் இன்னும் கொஞ்சம் நல்லா வந்தா நீ எங்கயோ போயிடுவ" என்றார். கூக்ளி என்றால் லெக் ஸ்பின் மாதிரியே கையை வீசி எதிர்ப்பக்கம் திருப்புகிற பந்து, ஏமாற்று வேலை. அந்தக் கோடை முழுக்க, ஏப்ரல் மே ஜூன், வெறி பிடித்தவன்போல அதையே போட்டேன், ஒரு நாளைக்கு இருநூறு. ஜூலையில் யாராலும் கண்டுபிடிக்க முடியாத கூக்ளி என் கையில் இருந்தது. லெக் ஸ்பின் கையில் இல்லை. மணிக்கட்டு அதை மறந்தேபோய்விட்டது. எப்படிப் போட்டாலும் உள்ளே வருகிறது, அல்லது நேராகப் போகிறது. லெக் ஸ்பின்காரர்கள் செய்கிற தப்பு இது, ஏமாற்று வேலையைப் பழகிப் பழகி உண்மையை விட்டுவிடுவது. செலக்ஷன் ட்ரையலில் ஆறு பந்து போட்டேன், ஆறும் கூக்ளி, ஏழாவதை நிஜமாகப் போட்டுக் காட்டப்பா என்றார்கள், போட முடியவில்லை. அழுதேன், வீட்டுக்கு வந்து பாத்ரூமில் குழாயைத் திறந்துவிட்டு. இரண்டு வருஷம் அப்படிப் போனது. திரும்ப எப்படி வந்தது என்றால், ஓவியா தவழ ஆரம்பித்த சமயம், கூடத்தில் அவளுக்கு ரப்பர் பந்தை உருட்டிவிட்டுக்கொண்டிருந்தேன், அடுப்படியிலிருந்து சுகந்தி சொன்னாள், "ஏங்க, நேரா உருட்டுங்க, குழந்தை பாவம், ஒவ்வொண்ணும் அந்தப் பக்கமா ஓடுது." பார்த்தேன். ஓடியது. யோசிக்காதபோது விரல் தானாக அந்த வேலையைச் செய்துகொண்டிருந்தது. அப்படியே தரையில் உட்கார்ந்தபடி இருபது பந்து உருட்டினேன், இருபதும் அந்தப் பக்கம், ஓவியா கைதட்டிச் சிரிக்கிறாள், நான் அழுகிறேன், சுகந்தி கரண்டியோடு வந்து நின்று "என்னாச்சு, என்னாச்சு" என்கிறாள். அப்போதாவது அவளை மைதானத்துக்குக் கூப்பிட்டிருக்கலாம். கூப்பிடவில்லை. விக்கெட் விழ ஆரம்பித்திருந்தது, எதற்கு வம்பு என்று இருந்துவிட்டேன்.

காற்று மாறிவிட்டது. மூன்றேகால் மணிக்கு வர வேண்டிய கடற்காற்று மூன்றரைக்கு வருகிறது, கிழக்கிலிருந்து, வியர்வையில் பட்டதும் முதுகு கூசுகிறது. இந்தப் பக்கத்திலிருந்து போட்டால் அது பந்தைக் காற்றிலேயே பிடித்து உள்ளே சாய்க்கும். எனக்கென்றே வீசுகிற காற்று. அபினவுக்கு இதெல்லாம் தெரியாது, தெரிந்தாலும் எனக்குத் தரமாட்டான், எல்லைக் கோடு கிட்டத்தில் இருக்கிறது, நான் போட்டால் ஆறு போகும் என்ற பயம். அவன் பயம் நியாயம்தான். வியாழக்கிழமை வலைப் பயிற்சியில் முப்பது பந்து போட்டேன், முப்பதும் நேராகப் போனது. ஒரு இம்மிகூடத் திரும்பவில்லை. மற்றவர்கள் அதை ஏதோ வேகமான வேறு பந்து என்று நினைத்திருப்பார்கள், நானும் அப்படித்தான் தலையை ஆட்டிக்கொண்டேன். தூங்குகிற விரல் எதைத் திருப்பும்? பந்து கைக்கு வந்தாலும் திரும்பாது, அவள் வந்து உட்கார்ந்து அதைப் பார்த்தால்? பதினாலு வருஷம் தக்காளியை நசுக்கிக் கதை சொன்னவன், இவ்வளவுதானா என்று நினைப்பாளா? நினைக்கமாட்டாள், நேராகப் போனதையும் நல்லா இருந்துச்சுங்க என்று சொல்வாள், அதுதான் பயமாக இருக்கிறது. அப்படியானால் வராமல் இருப்பதே நல்லது. இல்லை, வரட்டும். வந்தால் போதும், நான் இங்கே சும்மா நிற்பதையாவது பார்க்கட்டும்.

நாற்பத்திரண்டாவது ஓவர், இந்தப் பக்கத்திலிருந்து. அவர்களுடைய ஓப்பனர், மீசைக்காரன், எழுபதைத் தாண்டி நிற்கிறான், எங்கள் ஆள் பந்து போட ஓடிவரும்போது கையைத் தூக்கி நிறுத்திவிட்டான். எல்லாரும் என் பக்கம் பார்க்கிறார்கள். என் பக்கம் இல்லை, எனக்கு இடது பக்கம், சைட் ஸ்க்ரீன். பந்து தெரிவதற்காகக் கட்டிவைத்த அந்தப் பெரிய வெள்ளைத் திரைக்கு நட்ட நடுவில், திரைக்கு முன்னால், புல்லில் ஒரு பச்சைக் குடை. குடைக்குக் கீழே சுகந்தி. "யம்மா, நகருங்கம்மா!" என்று ஸ்லிப்பிலிருந்து யாரோ கத்துகிறார்கள். "யாருப்பா அது, குடையெல்லாம் விரிச்சுக்கிட்டு?" சிரிப்பு. அந்தப் பழைய சிரிப்பு. என் கால் ஒரு கணம் நின்றது, பொய் சொல்லக் கூடாது, நின்றது, அப்புறம் ஓடினேன். இன்று முழுக்க நான் ஓடிய ஒரே ஓட்டம் அதுதான். "ஐயோ, என்னங்க, என்ன தப்பு பண்ணிட்டேன்?" என்று எழுந்துவிட்டாள். "இது பேட்ஸ்மேனுக்குப் பந்து தெரியறதுக்காக வெச்ச ஸ்க்ரீன் சுகந்தி, இதுக்கு முன்னால உக்காரக் கூடாது." "நேர்பின்னால இருந்து பாத்தாதான் தெரியும்னு நீங்கதானே சொல்வீங்க?" என்றாள். ஒவ்வொரு "ம்"முக்கும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறாள். அதற்குள் குடையை மடக்கிவிட்டாள், முகம் சுண்டிவிட்டது. "நான் போயிடறேங்க. வராமலே இருந்திருக்கலாம், நான் வந்தாலே..." "இல்ல" என்றேன். சத்தமாகத்தான் வந்தது. "அன்னிக்கு உன்னால இல்ல சுகந்தி. நான் மோசமாப் போட்டேன். ஒவ்வொண்ணும் பாதிக் கிரவுண்டுலயே குத்துச்சு, சின்னப் பிள்ளைகூட அடிச்சிருக்கும். உன்மேல பழியப் போட்டுட்டேன். பதினாலு வருஷமா சொல்லல, தப்பு." அம்பயர் கூப்பிடுகிறார், "இளா, ஆட்டத்தை நடத்தலாமா?" "ரெண்டு செகண்ட் சார்." அவள் என்னைப் பார்க்கிறாள், அம்பயரைப் பார்க்கிறாள். "எல்லாரும் பாக்கறாங்க" என்கிறாள் மெதுவாக. "பாக்கட்டும். போகாத. இங்கயே, திரைக்கு இந்த ஓரமா உக்காரு." மடக்கின குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள். அப்புறம், "சரி" என்றாள். அதே சரி இல்லை இது. இரண்டடி போனவள் திரும்பி, "நீங்க எப்ப போடுவீங்க?" என்றாள். "தெரியல" என்றேன்.

தெரியவில்லைதான். நாற்பத்தைந்து, நாற்பத்தாறு, அபினவ் என் பக்கம் திரும்பவே இல்லை. போய்க் கேட்டுவிடலாமா? கடைசி மேட்ச், ஒரே ஒரு ஓவர் தா தம்பி என்று. இருபது வருஷத்தில் கேட்டு வாங்கிப் போட்டதில்லை, கடைசி நாளில் கை நீட்டினால் அசிங்கம், அவனுக்கும் தர்மசங்கடம். ஓரக்கண்ணால் பார்க்கிறேன், சுகந்தி குடையை மடியில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு பந்துக்கும் என்னைப் பார்க்கிறாள், அது வேறு ஆள் போடுகிற பந்து என்பது அவளுக்கு ஒரு பொருட்டே இல்லை. விக்கெட் விழுகிறது, இன்னொன்று, ரன்னும் போகிறது. நாற்பத்தொன்பது ஓவர் முடிந்தபோது ஒரு விக்கெட் பாக்கி, ஐந்து ரன் வேண்டும், ஆறு பந்து இருக்கிறது. கடைசி ஓவர் போட வேண்டிய வேகப்பந்துக்காரன் கெண்டைக்காலைப் பிடித்துக்கொண்டு தரையில் படுத்திருக்கிறான். மற்ற நாலு பேரும் தங்கள் பத்து ஓவரை முடித்துவிட்டார்கள். அபினவ் சுற்றிலும் பார்க்கிறான். பார்வை ஒவ்வொருத்தராகத் தாண்டி வந்து என்மேல் நிற்கிறது, முதல் தடவையாக ஷூவைவிட்டு முகத்துக்கு வருகிறது. "அண்ணா, போடுறீங்களா?" என்கிறான். கேட்கிறான், பாவம். போடுறீங்களாவா.

பந்து கையில். ஐம்பது ஓவர் அடி வாங்கின பந்து, ஒரு பக்கம் நாய் கடித்ததுபோல இருக்கிறது, தையல் மட்டும் இன்னும் நிற்கிறது. அதில் மோதிர விரலை வைக்கிறேன், ஒன்றும் தெரியவில்லை, வேறு யாருடைய விரலையோ கொண்டுவந்து வைத்ததுபோல. முதல் பந்து கடைசி ஆட்டக்காரனுக்கு, நேராகப் போனது, தட்டிவிட்டு ஓடினான், ஒன்று. இனி நாலு. மீசைக்காரன் எதிரில். இரண்டாவது கைநழுவி, தரையில் குத்தாமலே ஃபுல்டாஸாகப் போனது, அடித்தான், அபினவ் நேராகப் பாய்ந்து பிடித்து நிறுத்தினான். மூன்றாவது கூக்ளி, ஏமாற்று வேலை, அது எப்போதும் வரும், காலில் பட்டது, எல்லாரும் அவுட் கேட்டுக் கத்தினோம், அம்பயர் இல்லையென்று தலையசைத்துவிட்டார். நடந்து திரும்புகிறேன். திரைக்குப் பக்கத்தில் பச்சை. எழுந்து நிற்கிறாள், கழுத்தை எட்டி எட்டிப் பார்க்கிறாள், நேர்பின்னாலிருந்து பார்க்க முடியவில்லையே என்ற தவிப்பு அங்கிருந்தே தெரிகிறது. நாலாவது பந்து. எப்படிப் பிடிப்பது, மணிக்கட்டு, தோள், இடது கால், இல்லை, வேண்டாம், எதையும் யோசிக்காதே, கூடம், சிவப்புத் தரை, ரப்பர் பந்து, குழந்தை கைநீட்டுகிறது, நேரா உருட்டுங்க என்று அடுப்படியிலிருந்து குரல், மூன்று அடி, நாலு, கை மேலே போகிறது, விட்டுவிட்டேன். விரலில் ஒன்றும் தெரியவில்லை. காதில் தெரிந்தது. பந்து விரலைவிட்டுப் போகும்போது விர்ரென்று ஒரு சத்தம், ஈ பறப்பதுபோல, எத்தனை வருஷமாயிற்று அதைக் கேட்டு. மேலே போய் நின்று யோசித்தது, கடற்காற்று அதன் தோளைப் பிடித்து உள்ளே தள்ளியது, மீசைக்காரன் இறங்கி வருகிறான், வா வா, காலுக்கு வெளியே என்று நம்புகிறான், வா, குத்தியது, திரும்பியது. திரும்பிக்கொண்டே இருந்தது. காலைத் தாண்டி, மட்டையைத் தாண்டி, அவன் கோட்டுக்கு இரண்டு கஜம் வெளியே திக்கென்று நிற்கிறான், முஸ்தாக் பிடித்துத் தட்டினால் ஜெயித்துவிட்டோம், முஸ்தாக்கும் கால் பக்கம் சாய்ந்திருந்தான், அவனும் நம்பிவிட்டான், கையை இந்தப் பக்கம் வீசினான், ஆஃப் ஸ்டம்பையும் அவன் கையுறையையும் தாண்டி, ஒரு ஆளுமில்லாத பக்கம், எல்லைக் கோட்டுக்கு ஓடுகிறது. பைஸ். நாலு ரன்.

அவர்கள் கூச்சல் போட்டுக்கொண்டு உள்ளே ஓடிவருகிறார்கள். முஸ்தாக் முட்டிபோட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டான், "சாரிண்ணா, சாரிண்ணா" என்கிறான், முதுகில் தட்டிக்கொடுக்கிறேன். அபினவ் தலையில் கைவைத்துக்கொண்டு வானத்தைப் பார்க்கிறான். பைஸ் போடுகிறவன் பேரில் ஏறாது. என் பேருக்கு நேரே நாலு பந்து, ஒரு ரன், விக்கெட் இல்லை என்று எழுதுவார்கள், இருபது வருஷத்தின் கடைசி வரி அது. மீசைக்காரன் வந்து கை கொடுத்தான், கையை விடாமல் என்னவோ சொல்லப் பார்த்துத் தலையை மட்டும் ஆட்டிவிட்டுப் போனான். எங்கள் ஆட்கள் பத்துப் பேரும் தலைகுனிந்து நிற்கிறார்கள், திரைப் பக்கத்திலிருந்து ஒரே ஒரு ஜோடிக் கை தட்டுகிற ஓசை. "எதிர் டீம் வீட்டம்மா போல" என்கிறான், காலைப் பிடித்துப் படுத்தவனுக்குப் பதிலாகக் கடைசி ஓவருக்கு உள்ளே வந்த பையன். "இல்ல, என் வீடு" என்றேன். குடை கீழே விழுந்து காற்றில் உருண்டுகொண்டிருந்தது, அவள் அதைக் கவனிக்கவில்லை, தட்டிக்கொண்டே இருக்கிறாள், கண்ணெல்லாம் தண்ணீர். மைதானத்தைக் கடந்து போனேன், போகிற வழியில் குடையை எடுத்துக்கொண்டேன், விரல் இப்போதும் தூங்கிக்கொண்டுதான் இருந்தது. "தோத்துட்டோம்" என்றேன். "தெரியுது" என்றாள். அப்புறம் அந்த விரலைப் பிடித்துக்கொண்டு, குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"ஏங்க, இதானே அந்த இந்தூர் பந்து?"

"இல்ல" என்றேன். "இது அதைவிட ஒரு சாண் கூடத் திரும்பிச்சு."